சிறுவர் நூல்களில் பேஸ்பாலும் விளையாட்டுப் பண்பும்

ஆட்ட விதிகளுக்குக் கட்டுப்படுதல், நடுவரின் தீர்ப்பை ஏற்றல், எதிரணியினரை மதித்தல், வென்றால் செருக்கும் தோற்றால் சினமும் கொள்ளாதிருத்தல் ஆகியவை விளையாட்டுப் பண்பு எனப்படும். இப்பண்பைச் சிறுவர்க்குக் கதை வழியாகச் சொல்லும் மரபு பல நாடுகளில் உண்டு. அவற்றுள் நீண்ட வரலாறு கொண்டது, தமிழில் அடிபந்தாட்டம் என்றும் குறிக்கப்படும் பேஸ்பாலைப் பற்றிய அமெரிக்கச் சிறுவர் நூல்களின் மரபு. தமிழ்நாட்டுப் பள்ளிகளில் பேஸ்பால் பரவலாக ஆடப்படுவதில்லை. எனினும் அந்நூல்கள் எழுப்பும் கேள்விகள் தமிழ்ச் சிறுவர்க்கும் பொருந்துவன. இக்கட்டுரை அம்மரபின் வளர்ச்சியையும், தமிழ்ச் சிறுவர் இலக்கியத்தில் விளையாட்டு பெற்ற இடத்தையும், புதுக்கோட்டை மாவட்டத்திற்கு இவற்றோடு உள்ள தொடர்பையும் கூறுகிறது.

பெயர் முதலில் அச்சேறிய நூல்

பேஸ்பால் என்னும் பெயர் முதன்முதலில் அச்சில் காணப்படுவது ஒரு சிறுவர் நூலில்தான். 1744ஆம் ஆண்டு இலண்டனில் ஜான் நியூபெரி என்னும் பதிப்பாளர் 'எ லிட்டில் பிரிட்டி பாக்கெட் புக்' என்ற சிறு நூலை வெளியிட்டார். சிறுவர் விளையாட்டு ஒவ்வொன்றுக்கும் அதில் ஒரு மரச்செதுக்குப் படமும், சிறு பாட்டும், அதன் கீழ் ஒரு நீதியும் இருந்தன. பேஸ்பால் பற்றிய பாட்டு, பந்தை அடித்துவிட்டு அடுத்த கம்பத்துக்கு ஓடி மகிழ்ச்சியோடு வீடு திரும்பும் சிறுவனைக் காட்டுகிறது. பொருள் தேடிக் கடல் கடந்து சென்று ஊர் திரும்புவோருக்கு அவனை ஒப்பிடுகிறது நீதி. கடல் கடந்து பிழைக்கப் போனவர்கள் வீட்டுக்கு வீடு இருக்கும் நம் கடற்கரையூர்ச் சிறுவர்க்கு இந்த ஒப்புமையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

அந்நூலை வாங்கிய சிறுவர்க்கு ஒரு பந்தும், சிறுமியர்க்கு ஓர் ஊசித் திண்டும் கிடைத்தன. இரண்டிலும் ஒரு பக்கம் சிவப்பு, மறுபக்கம் கறுப்பு. நல்லது செய்தால் சிவப்புப் பக்கத்திலும், தீயது செய்தால் கறுப்புப் பக்கத்திலும் ஓர் ஊசி குத்த வேண்டும். குழந்தையின் மகிழ்ச்சியையும் ஒழுக்கத்தையும் ஒரே பொருளில் கட்டிவைக்க முயன்ற ஏற்பாடு இது. பையனுக்குப் பந்து, பெண்ணுக்கு ஊசித் திண்டு என்ற பிரிவும் அதிலேயே தொடங்கிவிட்டது. அமெரிக்க நூலகச் சங்கம் 1922 முதல் சிறந்த சிறுவர் நூலுக்கு அளித்துவரும் பதக்கம் இந்த நியூபெரியின் பெயரையே தாங்கியுள்ளது.

பள்ளிக் கதைகளும் மலிவு இதழ்களும்

பத்தொன்பதாம் நூற்றாண்டில் விளையாட்டுக் களத்தையே ஒழுக்கப் பள்ளியாகக் காட்டும் கதைகள் தோன்றின. இங்கிலாந்தில் தாமஸ் ஹியூஸ் 1857இல் வெளியிட்ட 'டாம் பிரௌன்ஸ் ஸ்கூல் டேஸ்' இவ்வகைக்கு முன்னோடி. ரக்பி பள்ளியைக் களமாகக் கொண்ட இந்நாவலில் கால்பந்தும் கிரிக்கெட்டும் மாணவனின் குணத்தை வடிவமைக்கின்றன. ஆங்கிலேயர் இந்தியாவில் நடத்திய பள்ளிகளிலும் இக்கருத்து வேரூன்றியது.

அமெரிக்காவில் கிரிக்கெட்டின் இடத்தைப் பேஸ்பால் பிடித்தது. 1896 ஏப்ரலில் 'டிப் டாப் வீக்லி' என்னும் மலிவு விலை வார இதழில் ஃபிராங்க் மெரிவெல் என்ற கதைத் தலைவன் அறிமுகமானான். கில்பர்ட் பேட்டன் என்பவர் பர்ட் எல். ஸ்டாண்டிஷ் என்ற புனைபெயரில் இக்கதைகளை எழுதினார். மெரிவெல் குடிக்க மாட்டான், புகைக்க மாட்டான், ஏமாற்ற மாட்டான். கடைசி நேரத்தில் ஆட்டத்தையும் வென்றுவிடுவான். 1912இல் தொடங்கிய 'பேஸ்பால் ஜோ' வரிசை நூல்களும் இதே வழியில் சென்றன. நல்லவன் தோற்பதில்லை என்பது இக்கதைகளில் எழுதாத சட்டம். வாசகச் சிறுவர் இவற்றை விரும்பிப் படித்தனர். ஆனால், நல்லவனாக இருந்தும் தோற்றுப்போன சிறுவனுக்கு இக்கதைகளில் ஆறுதல் இல்லை.

தோல்விக்குக் கணக்கு வைக்கும் ஆட்டம்

பேஸ்பாலின் அமைப்பே இந்தக் குறையைப் பின்னாளில் போக்க உதவியது. அணிக்கு 9 பேர் ஆடும் இந்த ஆட்டத்தில், 10 முறை முயன்று 3 முறை பந்தை வெற்றிகரமாக அடித்துத் தளம் சேர்பவர் நல்ல மட்டையாளராகக் கருதப்படுகிறார். மிகத் திறமையானவரும் பாதிக்கு மேற்பட்ட முறை தோற்றே ஆக வேண்டும். தடுப்பாளர் எளிய பந்தை நழுவவிட்டால் அது 'பிழை' என்று ஆட்டக் குறிப்பில் பதிவாகும். வேறொரு பதிவும் உண்டு. தளத்தில் நிற்கும் தோழன் முன்னேறுவதற்காக ஒருவர் பந்தை மெல்லத் தட்டிவிட்டுத் தாம் ஆட்டமிழந்தால், அதைத் 'தியாகம்' என்றே ஆட்டக் கணக்கில் எழுதுவர். அவருடைய தனிப்பட்ட சராசரி அதனால் குறையாது. தோல்வி, பிழை, தியாகம் ஆகிய மூன்றுக்கும் கணக்கேட்டில் இடம் உள்ள ஆட்டம் கதாசிரியர்களைக் கவர்ந்ததில் வியப்பில்லை.

1888 ஜூன் 3 அன்று சான் பிரான்சிஸ்கோ எக்சாமினர் நாளிதழில் எர்னஸ்ட் தேயர் எழுதிய 'கேஸி அட் தி பேட்' என்ற கவிதை வெளிவந்தது. ஊரே நம்பியிருந்த கேஸி, செருக்கோடு இரண்டு பந்துகளை அடிக்காமல் விட்டு, மூன்றாவது பந்தில் தவறி ஆட்டமிழக்கிறான். பெரியவர்களுக்காக எழுதப்பட்ட இந்த நகைச்சுவைக் கவிதை பிறகு அமெரிக்கப் பள்ளிகளில் ஒப்புவிக்கப்படும் பாட்டாக மாறியது.

விளையாட்டு நாவலைப் பக்குவப்படுத்தியவர் ஜான் ஆர். டியூனிஸ். விளையாட்டுச் செய்தியாளராகப் பணியாற்றிய இவர் 1940இல் வெளியிட்ட 'தி கிட் ஃபிரம் டாம்கின்ஸ்வில்' நாவலில் ராய் டக்கர் என்னும் சிற்றூர் இளைஞன் பந்து வீச்சாளனாகப் புகழ்பெறும் வேளையில் கையில் காயமடைகிறான். அவன் மீண்டும் பந்து வீச முடிவதில்லை. மட்டையாளனாகவும் எல்லைத் தடுப்பாளனாகவும் மறுபடி அரிச்சுவடியிலிருந்து கற்றே அணிக்குத் திரும்புகிறான். இக்கதையில் வெற்றியைவிட, திரும்பி வருவதற்கான உழைப்பே பெரிதாகப் பேசப்படுகிறது.

மேத்யூ கிறிஸ்டோபர் என்னும் மேட் கிறிஸ்டோபர் (1917–1997) இளமையில் தாமே பேஸ்பால் ஆடியவர். 1954இல் 'தி லக்கி பேஸ்பால் பேட்' என்ற நூலோடு தொடங்கி, 8 முதல் 12 வயதுச் சிறுவர்க்காக நூற்றுக்கும் மேற்பட்ட விளையாட்டுக் கதைகளை எழுதினார். தன் வெற்றி ஒரு குறிப்பிட்ட மட்டையில் இருப்பதாக நம்பும் சிறுவன், திறமை மட்டையில் இல்லை என்று உணர்வதே அம்முதற்கதையின் கரு. பயம், பொறாமை, பெற்றோரின் எதிர்பார்ப்பு என்று சிறுவரின் அன்றாடச் சிக்கல்களை எளிய நடையில் அவர் எழுதினார்.

யார் ஆடலாம் என்னும் கேள்வி

மேற்கண்ட நூல்களில் பெரும்பாலானவை ஒரு செய்தியைப் பேசாமல் விட்டன. நேர்மையைக் கற்பிப்பதாகச் சொன்ன அமெரிக்கப் பேஸ்பாலின் உயர் போட்டிகளில், 1880களின் இறுதி தொடங்கி ஏறத்தாழ 60 ஆண்டுகள் கறுப்பின வீரர்களுக்கு இடமில்லை. 1947 ஏப்ரல் 15 அன்று ஜாக்கி ராபின்சன் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணிக்காகக் களமிறங்கியபோதுதான் அத்தடை உடைந்தது. அரங்கிலிருந்து வசவுகளும், கடிதங்களில் கொலை மிரட்டல்களும் வந்தன. திருப்பித் தாக்காமல் ஆட்டத்தாலேயே விடை சொல்வது என்ற உறுதியோடு அவர் ஆடினார்.

டியூனிஸ் 1943இலேயே 'கீஸ்டோன் கிட்ஸ்' நாவலில், யூதர் என்பதற்காகத் தன் அணியினராலேயே இழிவுபடுத்தப்படும் ஒரு வீரனின் கதையைச் சொல்லியிருந்தார். ராபின்சனின் வரலாறு பல சிறுவர் நூல்களுக்குக் கருவாயிற்று. பெட்டி பாவ் லார்ட் 1984இல் எழுதிய நாவலில், 1947இல் சீனாவிலிருந்து புரூக்ளினுக்கு வந்த சிறுமி ஒருத்தி ராபின்சனைப் பார்த்துத் தனக்கும் இந்நாட்டில் இடமுண்டு என்று நம்பிக்கை கொள்கிறாள். பீட்டர் கோலன்பாக் 1990இல் எழுதிய 'டீம்மேட்ஸ்' என்ற பட நூல், வெள்ளையரான பீ வீ ரீஸ் கூட்டத்தின் முன்னால் ராபின்சனின் தோள்மீது கை போட்டு நின்றதைச் சொல்கிறது. அந்நிகழ்ச்சி நூல்கள் கூறும் நாளில், கூறும் விதத்தில்தான் நடந்ததா என்பதில் ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. வரலாறு சிறுவர் கதையாகும்போது எது கூடுகிறது, எது குறைகிறது என்பதை மாணவர் ஆராய இது நல்ல எடுத்துக்காட்டு.

இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்க அரசு ஜப்பானிய வம்சாவளி மக்களை முகாம்களில் அடைத்து வைத்தது. அங்கே அவர்கள் பாலை நிலத்தைச் சமன்செய்து ஆடுகளம் அமைத்ததைக் கென் மொச்சிசூக்கியின் 'பேஸ்பால் சேவ்ட் அஸ்' (1993) என்ற பட நூல் கூறுகிறது.

சிறுமியருக்கும் கதவு நெடுநாள் மூடியே இருந்தது. சிறுவர்க்கான 'லிட்டில் லீக்' பேஸ்பால் அமைப்பு 1939இல் பென்சில்வேனியா மாநிலத்தில் தொடங்கியது. நீதிமன்ற வழக்குகளுக்குப் பின் 1974இல்தான் அது சிறுமியரைச் சேர்த்துக்கொண்டது. நியூபெரி நூலின் பந்தும் ஊசித் திண்டும் இருவருக்கும் பொதுவாக 230 ஆண்டுகள் ஆயின எனலாம்.

தமிழகத்தில் பேஸ்பால் பரவாமை

அமெரிக்க விளையாட்டுகள் தமிழகத்திற்கு வரும் வழி மிக முன்பே திறந்திருந்தது. ஹாரி குரோ பக் என்னும் அமெரிக்கர் 1920இல் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். 1924ஆம் ஆண்டு பாரிஸ் ஒலிம்பிக்கிற்குச் சென்ற இந்திய அணிக்கு அவரே மேலாளர். அக்கல்லூரியில் பயின்ற உடற்கல்வி ஆசிரியர்கள் கைப்பந்தையும் கூடைப்பந்தையும் பள்ளிதோறும் கொண்டு சேர்த்தனர்.

பேஸ்பால் மட்டும் அவ்வாறு பரவவில்லை. காரணங்களை ஊகிப்பது கடினமன்று. கைப்பந்துக்கு ஒரு வலையும் ஒரு பந்தும் போதும். பேஸ்பாலுக்கு ஒவ்வொரு தடுப்பாளருக்கும் தோல் கையுறை வேண்டும். பந்தைப் பிடிப்பவருக்கு முகக் கவசமும் மார்புக் கவசமும் வேண்டும். விரிந்த திடலும் வேண்டும். மட்டையும் பந்தும் கொண்ட ஆட்டத்திற்கான ஆவலைக் கிரிக்கெட் ஏற்கெனவே நிறைவேற்றிவிட்டது. அதற்கும் முன்னே கிட்டிப்புள் இருந்தது.

எழுதாத விதிகள்

கிட்டிப்புள்ளும் பேஸ்பாலும் தூரத்து உறவினர் போன்றவை. இரண்டிலும் ஒருவர் அடிக்க, எதிரணியினர் பரவி நின்று பிடிக்கிறார்கள். பிடித்துவிட்டால் அடித்தவர் ஆட்டமிழக்கிறார். நடுவர் இல்லாத இத்தகைய தெரு ஆட்டங்களில் நேர்மையைக் காக்கத் தமிழ்ச் சிறுவர் தாமே வழிமுறைகள் வகுத்துக்கொண்டனர்.

அணி பிரிக்க 'உத்தி பிரித்தல்' என்ற முறை உண்டு. ஏறத்தாழச் சமமான திறமையுள்ள இருவர் தனியே சென்று ஆளுக்கொரு புனைபெயர் வைத்துக்கொண்டு வருவர். தலைவர்கள் ஆள் தெரியாமல் பெயரை மட்டும் கேட்டுத் தேர்ந்தெடுப்பர். வல்லவர் எல்லாரும் ஒரே பக்கம் சேர்ந்துவிடாமல் இம்முறை தடுக்கிறது. மிகச் சிறிய குழந்தையை 'ஒப்புக்குச் சப்பாணி' என்று சேர்த்துக்கொள்வர். அக்குழந்தை ஆட்டமிழந்தாலும் கணக்கில்லை. ஆனால் அதுவும் ஆட்டத்தில் உண்டு. அச்சொல்லில் உடற்குறையைச் சுட்டும் பழைய வழக்கு இருப்பினும், யாரையும் வெளியே நிறுத்தி வேடிக்கை பார்க்க விடக்கூடாது என்ற எண்ணம் அதன் பின்னே உள்ளது. தோல்வியை ஒப்புக்கொள்ளாதவனின் ஆட்டம் 'அழுகுணி ஆட்டம்'. ஏமாற்றுபவனைக் கண்டிக்க இந்த ஒரு சொல் போதும். சண்டை வந்தால் 'காய்', சமாதானம் ஆனால் 'பழம்'.

இவ்வழக்காறுகள் பெரியவர்கள் கற்பித்தவை அல்ல. அண்ணன் அக்காள்மார் ஆடியதைப் பார்த்துத் தம்பி தங்கையர் கற்றவை. எனவே தெரு ஆட்டம் குறைந்தால் இவையும் மறையும். ஞா. தேவநேயப் பாவாணர் 'தமிழ்நாட்டு விளையாட்டுகள்' என்ற நூலில் இவ்வாட்டங்களைத் தொகுத்து, ஆடும் முறையை விளக்கியிருப்பது அதனால்தான் அரிய பணியாகிறது.

தமிழ்ச் சிறுவர் இலக்கியத்தில் விளையாட்டு

பாரதியார் தம் 'பாப்பா பாட்டில்' விளையாட்டைக் குழந்தையின் அன்றாட ஒழுங்கில் ஒரு பகுதியாகவே வைத்தார். படிப்புக்கும் பாட்டுக்கும் பொழுது ஒதுக்கியது போலவே மாலைப் பொழுதை விளையாட்டுக்கு ஒதுக்கினார். கூடி ஆட வேண்டும், இன்னொரு குழந்தையை வையக்கூடாது என்றும் சொன்னார். விளையாட்டுப் பண்பின் சாரம் அதிலேயே அடங்கிவிடுகிறது.

பின்வந்த சிறுவர் எழுத்தாளர் வரிசையில் புதுக்கோட்டைப் பகுதிக்குத் தனியிடம் உண்டு. குழந்தைக் கவிஞர் அழ. வள்ளியப்பா (1922–1989) இராயவரத்தில் பிறந்தவர். வங்கிப் பணியில் இருந்துகொண்டே குழந்தைகளுக்காக எழுதி, 1950இல் குழந்தை எழுத்தாளர் சங்கம் தோன்ற முன்னின்றார். வாண்டுமாமா என்ற பெயரில் தலைமுறைகளைக் கவர்ந்த வி. கிருஷ்ணமூர்த்தி (1925–2014) அரிமளத்தில் பிறந்தவர். இவ்விரு ஊர்களும் இன்றைய புதுக்கோட்டை மாவட்டத்தில் உள்ளன.

விளையாட்டுக்கெனத் தமிழில் ஒரு நூலகத்தையே உருவாக்கியவர் உடற்கல்விப் பேராசிரியர் எஸ். நவராஜ் செல்லையா. ஆட்ட விதிகள், வீரர் வாழ்க்கை, விளையாட்டு வரலாறு, உடற்பயிற்சி என நூற்றுக்கும் மேற்பட்ட நூல்களை எளிய தமிழில் எழுதினார். 'விளையாட்டுக் களஞ்சியம்' என்ற மாத இதழையும் நடத்தினார். 'விளையாட்டுக்களுக்குப் பெயர் வந்தது எப்படி?', 'விளையாட்டுக்களில் விநோதங்கள்' போன்ற நூல்கள் மாணவர்க்குப் பயன்படுவன. அவருடைய நூல்கள் தமிழக அரசால் நாட்டுடைமையாக்கப்பட்டதால் இன்று விக்கிமூலத்தில் எவரும் கட்டணமின்றிப் படிக்கலாம்.

கதையிலக்கியத்தில் குறிப்பிடத்தக்கது ஆர். கே. நாராயண் 1935இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட 'சுவாமியும் நண்பர்களும்'. மால்குடிச் சிறுவர் மூவர் எம்.சி.சி. என்ற பெயரில் கிரிக்கெட் குழு தொடங்குகின்றனர். நல்ல பந்து வீச்சாளனான சுவாமிநாதன், பள்ளி உடற்பயிற்சி வகுப்பால் ஆட்டப் பயிற்சிக்குப் போக முடியாமல் தவிக்கிறான். தலைமையாசிரியரோடு மோதி ஊரைவிட்டு ஓடிப்போய், முக்கியமான ஆட்டத்தைத் தவறவிடுகிறான். அணி தோற்கிறது. தலைவன் ராஜம் அவனை மன்னிப்பதில்லை. மெரிவெல் கதையில் இப்படி ஒரு முடிவைக் காண முடியாது. ஓர் ஆட்டத்தின் வெற்றிக்கும் ஒரு நட்புக்கும் இடையே எது பெரிது என்ற கேள்வியை வாசகரே சிந்திக்குமாறு நாராயண் விட்டுவிடுகிறார்.

இவற்றை ஒருசேரப் பார்க்கும்போது, தமிழில் விளையாட்டைப் பற்றிய பாடலும் விதி நூலும் வரலாறும் ஓரளவு வளர்ந்துள்ள அளவுக்கு விளையாட்டுச் சிறுகதையும் சிறுவர் நாவலும் வளரவில்லை என்பது தெரிகிறது. விதி நூல் எப்படி ஆடுவது என்று சொல்லும். நடுவர் பார்க்காத நேரத்தில் பந்து தன் கையில் பட்டதை ஒப்புக்கொள்வதா என்று தவிக்கும் சிறுவனின் மனத்தைக் கதைதான் காட்ட முடியும்.

நம் மண்ணின் ராபின்சன்கள்

அத்தகைய கதைகளுக்கான கருப்பொருள் இங்கே குறைவில்லை. பல்வாங்கர் பாலு (பிறப்பு 1876) ஒடுக்கப்பட்ட சாதியில் பிறந்து, புனேயில் ஆடுகளப் பணியாளராகத் தொடங்கிப் பெரும் சுழற்பந்து வீச்சாளரானவர். களத்தில் அவர் வீசிய பந்தைத் தொட்டவர்கள், தேநீர் இடைவேளையில் அவருக்கு மட்டும் தனி மண்குவளையில் வெளியே தேநீர் கொடுத்தனர். 1911இல் இங்கிலாந்து சென்ற இந்திய அணிக்காக அவர் 100க்கும் மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தினார். எனினும் அவருக்கு அணித்தலைமை தரப்படவில்லை. அவர் தம்பி விட்டல் 1923இல் இந்துக்கள் அணியின் தலைவரானார். ராபின்சன் களமிறங்குவதற்கு 24 ஆண்டுகளுக்கு முன் நடந்தது இது.

புதுக்கோட்டை மாவட்டம் கத்தக்குறிச்சியைச் சேர்ந்த சாந்தி சௌந்தரராஜன், செங்கல் சூளைத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்து ஓட்ட வீராங்கனையாக உயர்ந்தவர். 2006 டிசம்பரில் தோஹா ஆசிய விளையாட்டில் 800 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளி வென்றார். பாலினப் பரிசோதனைக்குப் பின் அப்பதக்கம் பறிக்கப்பட்டது. அவர் எந்த விதியையும் ஏமாற்றவில்லை, ஊக்கமருந்தும் உட்கொள்ளவில்லை. உலகம் முழுவதும் செய்தியாகி அவமானப்பட்ட நிலையிலும் மீண்டெழுந்து இளையோர்க்குப் பயிற்சியாளரானார். விளையாட்டு வீரரிடம் நேர்மையை எதிர்பார்க்கும் அமைப்புகள் வீரரிடம் எவ்வாறு நடந்துகொள்ள வேண்டும் என்ற கேள்வியை அவர் வாழ்க்கை எழுப்புகிறது.

கோட்டைப்பட்டினம்: முறை என்னும் பாடம்

1974 ஜனவரி 14 அன்று திருச்சி, தஞ்சை மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு புதுக்கோட்டை மாவட்டம் உருவாயிற்று. அதன் கடற்கரையில் பாக் நீரிணையை ஒட்டியுள்ள மீன்பிடி ஊர் கோட்டைப்பட்டினம். இங்கும் அருகிலுள்ள ஜெகதாப்பட்டினத்திலும் விசைப்படகுகளும் நாட்டுப்படகுகளும் உள்ளன. இரண்டும் ஒரே கடலில் ஒரே நாளில் இறங்கினால் சிறு படகுகளின் வலைகள் அறுபடும். இம்மோதலைத் தவிர்க்கவே, பாக் நீரிணைப் பகுதியில் வாரத்தில் 3 நாள் விசைப்படகுகளுக்கும் மற்ற நாள்கள் நாட்டுப்படகுகளுக்கும் என முறை வகுக்கப்பட்டது.

ஆட்டத்திலும் சிறுவர் முதலில் கற்கும் சொல் 'முறை'. உன் முறை முடிந்தது, என் முறை வந்தது என்பதை ஏற்கும் மனமே விளையாட்டுப் பண்பின் தொடக்கம். வலுத்தவன் தன் வலுவைக் காட்டி இளைத்தவனின் முறையைப் பறித்தால் அது அழுகுணி ஆட்டத்தைவிட மோசமானது. பெரியவர்கள் கடலில் அம்முறையை மீறும்போது யாருக்கு இழப்பு என்பதையும் கடற்கரைச் சிறுவர் கண்ணால் காண்கின்றனர். இவ்வூர்ச் சிறுவரை நாயகராகக் கொண்டு ஒரு விளையாட்டுக் கதை எழுத விரும்புவோர் அயல்நாட்டு ஆட்டத்தைத் தேடிப் போக வேண்டியதில்லை.

ஆசிரியர்களுக்கும் பெற்றோருக்கும்

மேற்கண்ட வரலாற்றிலிருந்து பயன்பாட்டுக்குரிய சில கருத்துகள் கிடைக்கின்றன. முதலாவது, நல்லவன் எப்போதும் வெல்வான் என்று மட்டும் சொல்லும் கதை, தோற்ற குழந்தையைத் தனியே விட்டுவிடுகிறது. நன்றாக ஆடித் தோற்ற கதைகளையும் சிறுவர்க்குச் சொல்ல வேண்டும். இரண்டாவது, கதையின் முடிவில் நீதியை எழுதிக்காட்டுவதைவிட, 'நீயாக இருந்தால் என்ன செய்திருப்பாய்?' என்று கேட்பது மேல். மூன்றாவது, தோல்வியைத் தாங்கிக்கொள் என்று குழந்தைக்குச் சொல்லும் முன், எல்லாக் குழந்தைகளுக்கும் ஆட இடம் கிடைத்ததா என்று பெரியவர்கள் பார்க்க வேண்டும். பெண் குழந்தைக்கு, உடற்குறையுள்ள குழந்தைக்கு, காலணி இல்லாத குழந்தைக்கு விளையாட்டு வேளையில் என்ன வேலை தரப்படுகிறது என்பதைக் கவனித்தாலே விடை தெரிந்துவிடும்.

மொழிப்பாட ஆசிரியரும் உடற்கல்வி ஆசிரியரும் சேர்ந்தால் இதைப் பள்ளியிலேயே தொடங்கலாம். மாணவர் தம் ஊரில் ஆடும் ஆட்டங்களின் பெயரையும், அணி பிரிக்கும் முறையையும், சண்டையைத் தீர்க்கும் வழியையும் பாட்டி தாத்தாவிடம் கேட்டு எழுதிவரச் செய்யலாம். தாம் தோற்ற ஓர் ஆட்டத்தைப் பற்றி ஒரு பக்கம் எழுதச் சொல்லலாம். அவற்றைத் தொகுத்துக் கையெழுத்து இதழாகப் பள்ளி நூலகத்தில் வைத்தால், அடுத்த வகுப்பு மாணவர் அதைப் படிப்பர். தமிழில் குறைவாக உள்ள ஒரு வகை எழுத்துக்கு அவர்களே முன்னோடிகளாவர்.